கடவுள் நிரூபணத்தில் விடுபட்ட ஒரு நிபந்தனை

குர்ட் கோடெல் விட்டுச்சென்ற தாள்களில் 1970 பிப்ரவரி 10 என்று தேதியிட்ட ஒரு குறிப்பு இருக்கிறது. மிகச் சிறிய குறிப்பு. சொற்கள் குறைவு, தருக்கக் குறியீடுகளே அதிகம். சில அடிகோள்கள், அதாவது நிரூபணம் கேட்காமல் ஏற்றுக்கொள்ளச் சொல்லும் தொடக்கக் கூற்றுகள், மூன்று வரையறைகள், அவற்றிலிருந்து படிப்படியாக எழும் முடிவுகள். கடைசி முடிவைப் பேச்சுத் தமிழுக்குக் கொண்டுவந்தால் இப்படி இருக்கும்: கடவுள் இருக்கிறார், அவர் இல்லாமல் போவதற்கு வழியே இல்லை.

எழுதியவர் இருபதாம் நூற்றாண்டின் தலைசிறந்த தருக்கவியலாளர். எண்கணிதத்தில் உண்மையாக இருந்தும் குறிப்பிட்ட ஒரு விதித்தொகுப்புக்குள் நிரூபிக்க முடியாத கூற்றுகள் எப்போதும் இருக்கும் என்று 1931இல் காட்டியவர். நிரூபணம் எங்கே நின்றுவிடும் என்று கண்டுபிடித்தவரே, நிரூபணத்தால் கடவுளை எட்டிவிடலாம் என்றும் எண்ணியிருக்கிறார். இந்த இரண்டும் ஒரே மனத்தில் எப்படிக் குடியிருந்தன என்பது நம்பிக்கையாளர்களும் நம்பாதவர்களும் நின்று யோசிக்க வேண்டிய கேள்வி.

1970இன் தொடக்கத்தில் கோடெலின் உடல்நிலை மோசமாக இருந்தது. இறந்துவிடுவோம் என்று அஞ்சினார். அந்த நாட்களில்தான் டானா ஸ்காட் என்ற இளைய தருக்கவியலாளரிடம் இந்த நிரூபணத்தைக் காட்டினார். ஸ்காட் தன் கையால் ஒரு வடிவம் எழுதிக்கொண்டார். ஆகஸ்டில் நண்பர் ஆஸ்கர் மார்கன்ஸ்டெர்ன் தன் நாட்குறிப்பில் ஒரு செய்தியைப் பதிந்தார். கோடெலுக்கு நிரூபணம் திருப்திதான், ஆனால் வெளியிட மனமில்லை. தான் செய்வது தருக்க ஆராய்ச்சி மட்டுமே, ஆனால் படிப்பவர்கள் தன்னைக் கடவுள் நம்பிக்கை உள்ளவர் என்று எடுத்துக்கொள்வார்கள் என்பது அவருடைய கவலை. 1978 ஜனவரியில் பிரின்ஸ்டனில் அவர் இறக்கும்வரை அது அச்சேறவில்லை. 1987இல்தான் வெளியே வந்தது.

மார்கன்ஸ்டெர்னிடம் சொன்ன அந்தத் தயக்கத்தை வைத்து கோடெலுக்கு நம்பிக்கை இல்லை என்று முடிவுகட்டுவது தவறு. 1975 வாக்கில் ஒரு கேள்விப் படிவத்துக்கு எழுதி, அனுப்பாமலே வைத்திருந்த பதிலில், தன்னுடையது தனிப்பட்ட கடவுளை ஏற்கும் நம்பிக்கை என்றும், தத்துவ அறிஞர்களில் ஸ்பினோசாவின் வழியல்ல, லைப்னிட்ஸின் வழி என்றும் தெளிவாகவே குறிப்பிட்டிருக்கிறார். ஞாயிற்றுக்கிழமை காலைகளில் படுக்கையில் இருந்தபடியே பைபிள் படிப்பார் என்று மனைவி அடேல் பின்னாளில் சொன்னார். 1961இல் தாய்க்கு எழுதிய கடிதங்களில் மறுமை உண்டு என்பதற்கு நீண்ட வாதம் இருக்கிறது. உலகம் அறிவுக்கு உகந்த முறையில் அமைந்திருக்கிறது. மனிதனுக்குள் இருக்கும் ஆற்றல்களில் சிறு பகுதிதான் இந்த வாழ்வில் மலர்கிறது. மிச்சத்துக்கு இன்னொரு வாழ்வு இல்லாவிட்டால் அந்த அமைப்புக்கே பொருளில்லை. இப்படிப் போகிறது அந்த வாதம். அதில் ஒரு குறியீடுகூடக் கிடையாது.

கடவுளை அனுபவத்திலிருந்தோ உலகின் அமைப்பிலிருந்தோ அல்லாமல், கடவுள் என்ற கருத்திலிருந்தே நிரூபிக்கும் முயற்சி கோடெலுக்கு ஏறத்தாழ 900 ஆண்டுகள் முந்தையது. பதினோராம் நூற்றாண்டில், பின்னாளில் காண்டர்பரியின் பேராயரான அன்செல்ம் என்ற துறவி, எண்ணத்தில் எட்டக்கூடிய எதையும் விடப் பெரியவராகக் கடவுளை வரையறுத்தார். அப்படிப்பட்ட ஒன்று எண்ணத்தில் மட்டும் இருந்து உண்மையில் இல்லாவிட்டால், உண்மையிலும் இருக்கும் ஒன்றை நாம் எண்ணிவிடலாம், அது முதலாவதை விடப் பெரிதாகிவிடும், ஆகவே முரண்பாடு. கௌனிலோ என்ற இன்னொரு துறவி உடனே எதிர்த்தார். இதே வழியில் குறையே இல்லாத ஒரு தீவையும் இருக்கச் செய்துவிடலாமே என்றார். தாமஸ் அக்வினாஸும் இந்த வாதத்தை ஏற்கவில்லை. இருப்பு என்பது ஒரு பொருளின் பண்பே அல்ல என்று தத்துவ அறிஞர் கான்ட் 1781இல் அடித்துச் சொன்னார். முதல் இரண்டு எதிர்ப்பாளர்களும் ஆழ்ந்த பக்தர்கள் என்பதை மறந்துவிடக் கூடாது. இந்த வழக்கு பக்தருக்கும் நாத்திகருக்கும் இடையில் மட்டும் நடந்ததல்ல.

லைப்னிட்ஸ் வேறொரு ஓட்டையைக் கண்டார். எல்லா நிறைவுகளும் ஒரே பொருளில் ஒன்றுசேர இயலும் என்று முதலில் காட்டியாக வேண்டும். அதைக் காட்டாமல் மேலே போக முடியாது. 1676இல் ஹேக் நகரில் ஸ்பினோசாவைச் சந்தித்தபோது இதற்கான தன் நிரூபணத்தையே அவரிடம் காட்டினார். அதே லைப்னிட்ஸ், சிந்தனை முழுவதையும் குறியீடுகளாக்கிவிட்டால் தத்துவச் சண்டைகளைக் கணக்குப் போட்டே தீர்த்துவிடலாம் என்று கனவு கண்டவர். தன் ஆசானாகக் கருதிய அவருடைய இரண்டு ஆசைகளையும் கோடெல் ஒரே குறிப்பில் இணைத்தார்.

கோடெலின் நிரூபணம் நடக்கும் விதம் இது. சில பண்புகள் நேர்ப்பண்புகள். எந்தப் பண்பை எடுத்தாலும், அதுவோ அதன் மறுப்போ, இரண்டில் ஒன்று மட்டும் நேர்ப்பண்பு. ஒரு நேர்ப்பண்பிலிருந்து தவிர்க்க முடியாமல் பின்தொடரும் பண்பும் நேர்ப்பண்பே. இவ்வளவை ஏற்றுக்கொண்டாலே ஒவ்வொரு நேர்ப்பண்பையும் உடைய ஏதோ ஒன்று இருப்பது இயலும் என்று வந்துவிடுகிறது. எல்லா நேர்ப்பண்புகளையும் உடையவர் கடவுள் என்பது வரையறை. கடவுளாக இருப்பதும் நேர்ப்பண்பே என்பது அடுத்த அடிகோள். ஆகவே கடவுள் இருப்பது இயலும். பிறகு சாரம் என்ற கருத்து வருகிறது: ஒரு பொருளின் மற்ற எல்லாப் பண்புகளும் எந்தப் பண்பிலிருந்து பின்தொடருமோ, அது அந்தப் பொருளின் சாரம். தன் சாரம் தவிர்க்க முடியாமல் எங்கும் நிறைவேறினால் அந்தப் பொருள் தவிர்க்க முடியாத இருப்புடையது. அப்படி இருப்பதும் நேர்ப்பண்பு. கடவுளிடம் எல்லா நேர்ப்பண்புகளும் உண்டு, எனவே இதுவும் உண்டு. இருக்க இயலும் என்பதிலிருந்து இருந்தே தீர வேண்டும் என்பதற்கு நிரூபணம் இப்படி ஏறுகிறது.

2013இல் இந்த ஏணியின் ஒவ்வொரு படியையும் கணினி ஏறிப் பார்த்தது. பெர்லினில் கிறிஸ்டோஃப் பென்ஸ்முல்லர், வியன்னாவில் புரூனோ வோல்ட்சன்லோகல் பாலேயோ இருவரும் ஸ்காட்டின் வடிவத்தை லியோ-2, சடாலக்ஸ் போன்ற தானியங்கி நிரூபிப்பான்களிடமும், இசபெல், காக் என்ற நிரூபணச் சரிபார்ப்பு மென்பொருள்களிடமும் கொடுத்தார்கள். சாதாரணக் கணினியிலேயே வேலை முடிந்தது. அடிகோள்களை ஏற்றால் முடிவு கட்டாயம் வருகிறது, இடையில் தாவல் எதுவும் இல்லை. இதற்கு மிக வலிமையான தருக்கம் தேவை என்று பலர் எண்ணியிருந்தார்கள். அதைவிட எளிய ஒன்றே போதும் என்பதும் தெரியவந்தது. கணினி கடவுளை நிரூபித்துவிட்டது என்ற தொனியில் ஜெர்மனியின் 'டேர் ஷ்பீகல்' தொடங்கிப் பல பத்திரிகைகள் செய்தி வெளியிட்டன.

உண்மையில் நடந்தது அதைவிடச் சுவையானது. கோடெல் தன் கையால் எழுதிய அந்த மூல வடிவத்தை லியோ-2 ஆராய்ந்தபோது, அடிகோள்களே ஒன்றோடொன்று முரண்படுகின்றன என்று அறிவித்தது.

இது எப்படி நேர்ந்தது என்பதை அறிய இந்த வகை மென்பொருள் வேலை செய்யும் முறையைத் தெரிந்துகொள்ள வேண்டும். நிரூபிக்க வேண்டிய முடிவை அது நேராக நாடுவதில்லை. அந்த முடிவு பொய் என்று வைத்துக்கொண்டு, அடிகோள்களோடு சேர்த்து விதிகளின்படி கிளறிக்கொண்டே போகும். எங்காவது முரண்பாடு வெடித்தால், முடிவு பொய்யாக இருக்க முடியாது என்று பொருள். ஆனால் சில சமயம், 'முடிவு பொய்' என்ற அனுமானத்தைத் தொடாமலே முரண்பாடு கிடைத்துவிடும். அப்போது குற்றம் அடிகோள்களிடம் இருக்கிறது. முரண்பட்ட அடிகோள்களிலிருந்து எதையும் நிரூபிக்கலாம். கடவுள் இருக்கிறார் என்பதையும் நிரூபிக்கலாம், இல்லை என்பதையும் நிரூபிக்கலாம்.

கோளாறு சாரத்தின் வரையறையில் இருந்தது. ஒரு பண்பு ஒரு பொருளின் சாரமாக வேண்டுமானால் அந்தப் பொருளிடம் அந்தப் பண்பு இருக்க வேண்டும் என்ற நிபந்தனை கோடெலின் குறிப்பில் இல்லை. சொல்லவே தேவையில்லாத அளவுக்கு வெளிப்படையான நிபந்தனைதான். ஆனால் அது இல்லாதபோது, எதனிடமும் இருக்க முடியாத வெற்றுப் பண்பு ஒன்று, அதாவது தனக்குத் தானே சமமில்லாமல் இருப்பது என்ற பண்பு, உள்ளே நுழைந்துவிடுகிறது. யானையே இல்லாத வீட்டில் 'இங்குள்ள யானைகள் எல்லாம் வெள்ளை' என்று ஒருவர் சொன்னால் அதைப் பொய்யென்று காட்ட யாராலும் முடியாது. அதுபோல, யாரிடமும் இல்லாத பண்பிலிருந்து எல்லாப் பண்புகளும் பின்தொடர்கின்றன. ஆகவே அந்த வெற்றுப் பண்பு உலகில் உள்ள எல்லாவற்றுக்கும் சாரமாகிவிடுகிறது. தவிர்க்க முடியாத இருப்பு என்றால் சாரம் நிறைவேறியே ஆக வேண்டும். வெற்றுப் பண்போ ஒருபோதும் நிறைவேறாது. எனவே தவிர்க்க முடியாத இருப்பு யாருக்கும் இயலாதது. ஆனால் கோடெலின் அடிகோள் அதை நேர்ப்பண்பு என்கிறது, நேர்ப்பண்பு எதுவாயினும் இயலும் என்று முன்பே நிரூபணமாகிவிட்டது. மோதல் தவிர்க்க முடியாதது.

கணினி தந்த விடை நீளமானது, மனிதக் கண்ணுக்குப் பிடிபடாதது. அதிலிருந்து இந்த எளிய விளக்கத்தைப் பிரித்தெடுக்க ஆய்வாளர்கள் தனியே உழைக்க வேண்டியிருந்தது. 2016இல் அதை வெளியிட்டார்கள். அச்சேறி ஏறத்தாழ 30 ஆண்டுகள், எத்தனையோ தத்துவ அறிஞர்கள் அந்தக் குறிப்பை வரி வரியாக விவாதித்தும் யாரும் இதைச் சொல்லியிருக்கவில்லை. ஸ்காட்டின் வடிவத்தில் அந்த நிபந்தனை இருக்கிறது, அதனால் அது தப்பியது. எல்லா அடிகோள்களும் ஒருங்கே பொருந்தும் சிறிய மாதிரி உலகம் ஒன்றை நிட்பிக் என்ற இன்னொரு மென்பொருள் கட்டிக்காட்டியது. அப்படி ஓர் உலகம் இருக்குமானால் முரண்பாடு இல்லை.

இதில் கோடெலுக்கு இழுக்கு ஒன்றும் இல்லை. ஒரு மனிதர் தன் வாழ்நாளின் மிக அந்தரங்கமான நம்பிக்கையை, யாரும் எந்தப் படியிலும் தடுத்து நிறுத்திக் கேள்வி கேட்கக்கூடிய மொழியில் எழுதிவைத்தார் என்பதுதான் இங்கே வியப்புக்குரியது. மழுப்பலாக எழுதியிருந்தால் பிழை கண்டுபிடிக்கப்பட்டிருக்காது. கடவுளைப் பற்றிப் பேசுவதில் இதைவிட நேர்மையான முறையைக் கண்டுபிடிப்பது கடினம்.

ஆனால் பிழை திருத்தப்பட்ட வடிவத்துக்கும் வேறொரு விலை இருக்கிறது, அது இன்னும் கனமானது. தத்துவ அறிஞர் ஜோர்டன் ஹோவர்ட் சோபெல் 1987இலேயே எச்சரித்தார், கணினியும் 2013இல் அதை உறுதிசெய்தது. இந்த அடிகோள்களை ஏற்றால், உண்மையாக இருக்கும் எல்லாமே தவிர்க்க முடியாத உண்மையாகிவிடும். இன்று மழை பெய்தது என்றால் பெய்யாமல் இருந்திருக்கவே முடியாது. ஒருவர் பொய் சொன்னார் என்றால் சொல்லாமல் இருந்திருக்கவே முடியாது. நடந்தது, நடந்திருக்கக்கூடியது என்ற வேறுபாடே மறைந்துபோகிறது. கடவுளை இந்த வழியில் பெறுகிறவர் மனிதனின் தேர்வை இழக்கிறார். பாவம், மன்னிப்பு, வேண்டுதல் எல்லாம் ஆட்டம் காண்கின்றன. கடவுளின் தேர்வும் போய்விடுகிறது, ஏனென்றால் அவர் வேறு உலகம் எதையும் படைத்திருக்க முடியாது. லைப்னிட்ஸும் இதே விளிம்புவரை போய்த் திரும்பியவர்தான். நிகழாமலே போன சாத்தியங்களை எண்ணிப் பார்த்ததுதான் தன்னை அங்கிருந்து மீட்டது என்று அவரே எழுதியிருக்கிறார். ஒரு பக்தருக்குக் கௌனிலோவின் தீவை விட இது பெரிய இடர். நாத்திகரின் எதிர்ப்பைச் சமாளிக்கலாம். தான் ஏற்றுக்கொண்ட நிரூபணமே தன் வேண்டுதலின் பொருளைப் பறித்தால் எங்கே போவது?

1990இல் ஆன்டர்சன் என்ற தத்துவ அறிஞர் அடிகோள்களைச் சற்றே தளர்த்தி இந்த விளைவிலிருந்து தப்பும் வடிவம் ஒன்றைத் தந்தார். பிறகு மெல்வின் ஃபிட்டிங் இன்னொன்றைத் தந்தார். இரண்டையும் கணினியில் சோதித்திருக்கிறார்கள். இரண்டிலும் அந்த விளைவு நேர்வதில்லை. அப்படியானால் எதை ஏற்பது? இங்கே எந்த மென்பொருளும் வாய் திறக்காது. அடிகோள்களிலிருந்து என்ன வரும் என்றுதான் அது சொல்லும். எந்த அடிகோளை ஏற்பது என்பது அதன் வேலைக்குள் வராது.

இது கணினியின் வேகமோ நினைவகமோ போதாததால் வந்த குறை அல்ல. தானியங்கி நிரூபணத்தின் தொடக்க நாட்களைப் பார்த்தால் விளங்கும். 1956இல் நியூவெல், சைமன், ஷா மூவரும் உருவாக்கிய நிரல், ரஸ்ஸலும் வைட்ஹெட்டும் எழுதிய 'பிரின்கிபியா மாத்தமாட்டிகா' நூலின் இரண்டாம் அத்தியாயத்தில் 52 தேற்றங்களில் 38ஐ நிரூபித்தது. அடுத்த சில ஆண்டுகளில் ஹாவ் வாங் ஐபிஎம் 704 கணினியில் அதே நூலின் இருநூறுக்கும் மேற்பட்ட தேற்றங்களைச் சில நிமிடங்களில் முடித்தார். 1996இல் வில்லியம் மெக்கூனின் நிரல், 1930களிலிருந்து கணித அறிஞர்களுக்குப் பிடிகொடுக்காத ராபின்ஸ் கணிப்பைத் தானாகவே நிரூபித்தது. வேகம் ஏறிக்கொண்டேதான் வந்திருக்கிறது. அந்த ஹாவ் வாங்தான் பின்னாளில் கோடெலோடு நீண்ட உரையாடல்கள் நடத்தி, கடவுள், மறுமை, மனம் பற்றிய அவருடைய எண்ணங்களை எழுதிவைத்தார். இயந்திரங்களுக்கு நிரூபிக்கக் கற்றுத்தந்த முன்னோடி ஒருவரே கோடெலின் ஆன்மிகத்துக்கும் முக்கியமான சாட்சி.

எல்லை வேறு இடத்தில் இருக்கிறது. எந்தக் கூற்றைக் கொடுத்தாலும் அது நிரூபிக்கத்தக்கதா இல்லையா என்று தவறாமல் தீர்ப்புச் சொல்லும் பொது முறை கிடையாது என்று தருக்கவியலாளர்கள் சர்ச்சும் டூரிங்கும் 1936இல் தனித்தனியே காட்டினார்கள். நிரூபணம் இருந்தால் இயந்திரம் என்றாவது கண்டுபிடிக்கும். இல்லாவிட்டால் தேடிக்கொண்டே இருக்கலாம், நின்று நமக்குச் சொல்லும் என்ற உறுதி இல்லை. கோடெலின் கடவுள் நிரூபணமோ இதைவிடச் சிக்கலான தளத்தில் நிற்கிறது. 'எல்லா நேர்ப்பண்புகளும்' என்று சொல்வதால் அது பொருட்களைப் பற்றி மட்டுமல்லாமல் பண்புகளைப் பற்றியும் பொதுவாகப் பேசுகிறது. அதற்கு உயர்நிலைத் தருக்கம் வேண்டும். எல்லாப் பண்புகளும் என்பதை அதன் முழு அகலத்தில் எடுத்துக்கொண்டால், அந்தத் தருக்கத்தின் உண்மைகள் அனைத்தையும் திரட்டித் தரும் விதித்தொகுப்பு எதுவும் இருக்க முடியாது. இது கோடெலின் 1931 தேற்றத்திலிருந்தே வரும் விளைவு. லியோ-2 போன்றவை 1950இல் லியோன் ஹென்கின் வகுத்த சற்றே தளர்ந்த பொருள்கோளின்படிதான் இயங்குகின்றன. கடவுளை வரையறுக்கக் கோடெல் எடுத்த மொழியே, முழுமை சாத்தியமில்லை என்று கோடெல் காட்டிய மொழி.

இதை வைத்து, தருக்கம் தோற்றுவிட்டது, இனி நம்பிக்கைதான் வழி என்று சிலர் மேடைகளில் முழங்குவதுண்டு. கோடெல் அப்படிச் சொல்லவில்லை. 1951 டிசம்பரில் பிராவிடன்ஸ் நகரில் ஆற்றிய கிப்ஸ் உரையில் அவர் முன்வைத்தது எச்சரிக்கையான ஒரு தெரிவு: ஒன்று, மனித மனம் எந்த வரம்புள்ள இயந்திரத்தையும் முடிவின்றி விஞ்சியது, அல்லது, மனித மனத்தால் என்றைக்கும் தீர்க்க முடியாத கணிதக் கேள்விகள் உண்டு. இரண்டில் எது என்று தன் தேற்றம் மட்டும் தீர்மானிக்காது என்பதில் அவர் தெளிவாக இருந்தார். மனம் இயந்திரத்தை விஞ்சியது என்று அவர் நம்பினார். ஆனால் நம்பியதையும் நிரூபித்ததையும் அவர் எங்கும் குழப்பவில்லை. 1961இல் ஜே. ஆர். லூகாஸும் பிறகு ராஜர் பென்ரோஸும், மனம் இயந்திரத்தை விஞ்சியது என்பதை அந்தத் தேற்றமே காட்டுவதாக வாதிட்டு, அந்தக் கோட்டைத் தாண்டிப் போனார்கள். அவர்களை விட கோடெலின் நிதானமே இங்கே நம்பத்தக்கது.

அன்செல்மின் நூல் ஒரு வேண்டுதலாக எழுதப்பட்டது. கடவுளைப் பற்றி அவர் யாரிடமோ வாதிடவில்லை. கடவுளை முன்னிலையில் அழைத்துப் பேசிக்கொண்டே சிந்திக்கிறார். குறியீடுகளாக்கும்போது முதலில் உதிர்ந்துபோவது அந்த அழைப்புதான். இசபெல்லின் திரையில் கடவுள் என்பது ஒரு எழுத்து, நேர்ப்பண்பு என்பது இன்னொரு எழுத்து. நேர்ப்பண்பு என்றால் என்ன என்று கேட்டால் கோடெலின் குறிப்பு, அறமும் அழகும் சார்ந்த பொருளில், உலகின் தற்செயலான அமைப்பைச் சாராமல், என்று சுருக்கமாகச் சொல்லி நகர்ந்துவிடுகிறது. நிரூபணத்தின் பாரம் முழுவதும் அந்தச் சிறு விளக்கத்தின் மேல்தான் இருக்கிறது. அன்பு நேர்ப்பண்பா? நீதி? நீதியும் இரக்கமும் ஒன்றையொன்று தடுக்காமல் ஒரே பொருளில் எப்போதும் பொருந்துமா? லைப்னிட்ஸ் கேட்ட அதே கேள்வி, இப்போது முதல் மூன்று அடிகோள்களுக்குள் இருக்கிறது. அதை அடிகோளாக ஏற்ற பின் இயந்திரம் ஒரு நொடியில் 'இயலும்' என்கிறது. ஏற்பதற்கு முன் ஒருவர் வாழ்நாள் முழுவதும் யோசிக்கலாம்.

அந்த யோசனைக்கு இப்போது ஒரு கருவியும் இருக்கிறது. ஸ்காட்டின் வடிவத்தைக் கொண்ட கோப்பு, முறையாகச் சரிபார்க்கப்பட்ட நிரூபணங்களின் பொதுத் தொகுப்பில் 2013இலிருந்து கட்டணமின்றிக் கிடைக்கிறது. இசபெல்லும் இலவசம். தவிர்க்க முடியாத இருப்பு ஒரு நேர்ப்பண்பு என்பதில் உடன்பாடில்லாதவர் ஐந்தாம் அடிகோளை நீக்கிவிட்டு மறுபடி ஓட்டிப் பார்க்கலாம். எந்தப் பண்புக்கும் அதன் மறுப்புக்கும் இடையே நடுநிலை கிடையாது என்ற முதல் அடிகோள் மிகையாகத் தோன்றினால் அதைத் தளர்த்தலாம். ஆன்டர்சன் தொடங்கியதும் அங்கேதான். எந்தத் தேற்றம் நிற்கிறது, எது சரிகிறது, மனிதத் தேர்வு மிஞ்சுகிறதா என்று திரை சொல்லும். அடுத்து எந்த வரியை மாற்றுவது என்று முடிவுசெய்ய வேண்டியவர் திரைக்கு முன்னால் உட்கார்ந்திருப்பவர்.